டார்னிங் போட்ட வயர்

வேறு தாள் கிடைக்காததால் அளவு நோட்டிலேயே எழுதுகிறேன். பக்கத்தின் ஓரத்தில் தோள், கை, மார்பு, இடுப்பு, உயரம் என்று அச்சடித்திருக்கும். அதைக் கண்டுகொள்ளாதே. வாயால் சொல்லிவிடலாம் என்றுதான் இருந்தேன். நீதான், "வேணாம் அத்தை, நீ சொன்னா சுத்தி வளைச்சு, கடைசியில நான் உங்கிட்ட மன்னிப்புக் கேக்குற மாதிரி ஆயிடும். எழுதிக் குடு" என்றாய். நியாயம்தான். எட்டு வயதில் என் கத்தரிக்கோலைத் தொலைத்துவிட்டதாக ஒரு வாரம் அழுது மன்னிப்புக் கேட்டாய். அது என் மடியில்தான் இருந்தது. அழுகிற பிள்ளை தூரமாக எங்கும் போகாது என்று அப்போது எனக்கு ஓர் எண்ணம்.

நேற்று மத்தியானம், ஊரிலிருந்து வந்திருந்த நீ துணி வெட்டும் மேஜைமேல் ஒரு சாண் நீள வயரை வைத்தாய். மேலே துணி உறை பின்னிய பழங்காலத்து வயர். துரையின் காயிலிலிருந்து டிஸ்ட்ரிபியூட்டருக்குப் போவது. துரை என்பது நம் வீட்டுக் கார். காலை ஒன்பது மணிக்கு முன்னால் கண் திறக்க மாட்டான் என்பதால் என் அப்பா வைத்த பெயர். நீ அந்த வயரின் நடுவில் ஒரு விரலை வைத்து, குரலை உயர்த்தாமல் சொன்னாய்: "அத்தை, எந்த மெக்கானிக்கும் வயருக்கு டார்னிங் போட மாட்டான்."

எனக்கு முதலில் வந்தது பயமில்லை. கிழிசலின் மேல் இழை இழையாகப் பின்னி, கிழிந்த இடமே தெரியாமல் மூடுகிற டார்னிங்கில் எனக்கு இந்த வட்டாரத்தில் ஒரு பெயர் உண்டு. அதைக் கண்டுபிடித்துவிட்டாயே, பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தாயா என்று கேட்டேன். விரலால் தடவிப் பார்த்தேன் என்றாய். அப்படியா, சரி. விரலிடம் எதையும் மறைக்க முடியாது. கண்ணுக்குத் தெரிந்திருந்தால்தான் எனக்கு வருத்தமாக இருந்திருக்கும்.

வாக்குமூலம் என்றால் ஆதியிலிருந்து வர வேண்டும். ஆதியில் ஒரு 'உம்' இருந்தது.

மூன்று வருஷத்துக்கு முன்னால் நீ அந்தத் தூரத்து ஊரில் சொந்தமாக ஒர்க்‌ஷாப் எடுத்தாய். உன் அப்பாவுக்குப் போன் செய்து, இனி தனியாகக் கிடந்து எதற்கு அல்லாட வேண்டும், இங்கேயே வந்துவிடு, ரெண்டு பேரும் சேர்ந்து நடத்தலாம் என்றாய். அவன் ரிசீவரைக் கையில் வைத்துக்கொண்டு சிரித்த சிரிப்பு ஜன்னல் வழியாக என் தையல் அறை வரை கேட்டது. பேசி முடிக்கும்போது நீ, "அத்தையும் வரட்டும்" என்றாயாம். என் தம்பி அதை அப்படியே வந்து என்னிடம் ஒப்பித்தான்.

கூப்பிட்டேனே என்று நேற்று கேட்டாய். கூப்பிட்டாய்தான். ஆனால் முப்பத்தாறு வருஷமாகத் துணி வெட்டுகிறவளுக்கு ஒட்டுத்துணி எது என்று தெரியும். முழுத்துணி போதாத இடத்தில், அக்குளுக்குக் கீழே யாரும் பார்க்காத மூலையில், மிச்சம் மீதியை வைத்துத் தைப்போம். அந்த 'உம்' அப்படித்தான் இருந்தது. அப்பா வரட்டும், அத்தையும் வரட்டும். பெட்டி வரட்டும், குடையும் வரட்டும். நான் எனக்கு வாடிக்கைக்காரர்கள் இருக்கிறார்கள் என்று சொல்லிவிட்டேன். அது பொய்யில்லை. இந்த மூன்று வருஷத்தில் நான் ஒரு பொய்கூடச் சொல்லவில்லை என்பதை நீ குறித்துக்கொள்ள வேண்டும்.

உன் அப்பா துரையில்தான் வருவேன் என்றான். உனக்கு ஏழு வயதிருக்கும்போது, இந்தக் காரை உனக்குத்தான் தருவேன், உன் வாசலில் கொண்டுவந்து நிறுத்திச் சாவியைக் கையில் கொடுப்பேன் என்று சொல்லியிருந்தான். பஸ்ஸில் போகலாமே என்றவர்களிடம் தன் மெக்கானிக் ஷெட்டின் கதவைக் காட்டினான். அதில் அவனே பெயின்ட் அடித்து எழுதிய வாசகம் இருந்தது: 'வந்த வண்டி ஓடித்தான் போகும்.' படுத்த வண்டியை ஷெட்டில் போட்டுவிட்டு பஸ் ஏறுகிற மெக்கானிக்கை அவனே மதிக்க மாட்டான். உலகத்தில் வேறு யாரும் இப்படி ஒரு முட்டாள்தனத்தைக் கதவில் எழுதி வைத்து அதற்குக் கட்டுப்பட்டு நடக்க மாட்டார்கள். அவன் நடந்தான். நல்லவேளை.

முதல் தடவை நடந்தது தற்செயல்தான். அதை மட்டுமாவது நீ நம்பு. கிளம்புவதற்கு முதல் நாள், அவன் எஞ்சினை நிறுத்திவிட்டு மூடியைத் திறந்து வைத்து பிளக் எல்லாம் துடைத்துக்கொண்டிருந்தான். நான் ஒரு பாவாடையின் கீழ்விளிம்பைக் குத்திக்கொண்டே வேடிக்கை பார்க்க வந்தேன். வாயில் நாலைந்து குண்டூசி. அவன் ஏதோ கேட்டான். பதில் சொல்ல வேண்டுமென்றால் ஊசியை எங்காவது வைக்க வேண்டும். தையல்காரிக்கு ஒரு வியாதி உண்டு. கைக்கெட்டிய தூரத்தில் மெத்தென்று எது இருந்தாலும் அதில் ஊசியைக் குத்திவிடுவாள். தலையணை, திரைச்சீலை, வந்தவரின் தோள்பட்டை. அன்று கைக்கெட்டியது தடித்த கறுப்பு ரப்பர் வயர், பிளக்குக்குப் போவது. குத்தினேன், பதில் சொன்னேன், மற்ற ஊசிகளை எடுத்துக்கொண்டு போய்விட்டேன்.

மறுநாள் காலை துரை காய்ச்சல்காரன் மாதிரி நடுங்கினான். நாலு காலில் ஒன்று நொண்டியது.

அவன் வேலை செய்யும்போது பேசுவான், உனக்குத் தெரியும். காருக்குச் சொல்கிறானா, எனக்குச் சொல்கிறானா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. ஜன்னலுக்கு இந்தப் பக்கம் நான் மெஷின் மிதித்துக்கொண்டிருப்பேன், அந்தப் பக்கம் அவன் பாடம் நடத்துவான். பேட்டரி வீட்டுக்குச் சம்பாதிக்கிறவர். காயில் அந்தச் சின்னக் கரன்ட்டை ஊதி ஊதிப் பெரிதாக்கி அனுப்புகிற மாமா. பாயிண்ட் வாசலில் நின்று கதவைத் திறந்து மூடுகிறவன். டிஸ்ட்ரிபியூட்டர் நாலு பிள்ளைகளுக்கும் முறை வைத்துப் பரிமாறுகிற அம்மா. பிளக்கில் நெருப்புப் பொறி விழவில்லை என்றால் இவர்களில் யாரோ ஒருத்தர் கை வைத்துவிட்டார் என்று அர்த்தம், யார் என்று ஒவ்வொருத்தராக விசாரிக்க வேண்டும் என்பான். "கரன்ட் சோம்பேறி அக்கா. குறுக்குவழி ஒண்ணு கிடைச்சா அப்படியே இரும்புல இறங்கிப் போயிடும், பிளக் வரைக்கும் நடக்காது."

மூன்றாம் நாள் அவன் அதைச் சொன்னபோதுதான் என் ஊசி எனக்கு ஞாபகம் வந்தது. அதன் தலை எஞ்சினின் இரும்பில் சாய்ந்துகொண்டிருந்ததும் ஞாபகம் வந்தது. குறுக்குவழி போட்டுக் கொடுத்தது நான்.

சொல்லியிருக்கலாம். நாக்கு நுனி வரை வந்தது. ஆனால் அந்த மூன்று நாளும் அவன் என் கையால் சாப்பிட்டான், ஜன்னல் வழியாகப் பேசினான், போகிற ஊரைப் பற்றி ஒரு வார்த்தை எடுக்கவில்லை. நான் இன்னொரு நாள் பொறுத்தேன். நாலாம் நாள் அவன் குளிக்கப் போனபோது ஊசியைப் பிடுங்கி, ஓட்டையில் நூலுக்குப் போடும் மெழுகைத் தேய்த்து அடைத்தேன். அவன் வந்து பிளக்கைச் சும்மா ஒரு தட்டுத் தட்டி ஸ்டார்ட் செய்தான். துரை பூனை மாதிரி உறுமினான். "கண்டுபிடிச்சுட்டேன் அக்கா" என்றான். எதைக் கண்டுபிடித்தான் என்று அவனுக்கே தெரியாது. ஆனால் அந்த முகத்தில் இருந்த சந்தோஷத்தை நீ பார்த்திருந்தால் நீயும் ஓர் ஊசி குத்தியிருப்பாய்.

அதற்குள் உன் ஒர்க்‌ஷாப் திறப்பு விழா முடிந்துவிட்டது. போட்டோவில் நீ மட்டும் கையில் கத்தரிக்கோலோடு நின்றாய். ரிப்பன் கொஞ்சம் கோணல்.

அடுத்த தடவை அவன் தேதி குறித்தபோது எனக்கு வழி தெரிந்திருந்தது. டிஸ்ட்ரிபியூட்டர் மூடிக்குள்ளே மயிரிழை மாதிரி ஒரு கரிக்கோடு விழுந்தால்கூடக் கரன்ட் அது வழியாக ஓடிவிடும் என்று அவனே சொல்லியிருந்தான். நான் துணியில் குறி போடும் சாக்பீஸால் ஓர் அழகான கோடு போட்டேன். ஒன்றும் ஆகவில்லை. துரை மாப்பிள்ளை மாதிரி ஜம்மென்று ஓடினான். வெள்ளை, நீலம், மஞ்சள் என்று மூன்று நிறத்திலும் போட்டுப் பார்த்தேன். பிறகுதான் மூளை வேலை செய்தது. கரி இருப்பது பென்சிலில்தானே. இந்த நோட்டோடு நூல் கட்டித் தொங்குகிறதே, அதே பென்சில்தான். ஒரே கோடு. ஒன்பது நாள்.

மூன்றாவது தடவை தையல் மெஷின் எண்ணெய். பாயிண்ட்டின் இரண்டு உதடுகளுக்கு நடுவில் ஒரு சொட்டு. கதவைத் திறந்து மூடுகிறவனுக்குக் கை வழுக்கினால் வீட்டில் என்ன நடக்கும் என்று நீயே யோசித்துக்கொள். அது ஆறு நாள். உன் அப்பா, "பாயிண்ட்ல எண்ணெய் எங்கேர்ந்து வருது?" என்று தலையைச் சொறிந்தான். வயசாகிறது இல்லையா என்றேன். காரைச் சொன்னேன். பொய்யில்லை.

எனக்கு இது ஒரு பொழுதுபோக்கு என்று நினைத்துவிடாதே. அவனுடைய நன்மையையும் பார்த்தேன். அவனுக்கு முதுகுவலி. உன் ஊரில் குளிர் அதிகம். புது இடத்தில் அவன் சட்டைக்குப் பட்டன் போனால் யார் தைப்பார்கள்? நீ என்னை விட நல்ல மெக்கானிக், ஆனால் நீ பட்டன் தைத்தால் பட்டனும் சட்டையும் தனித்தனி வீட்டில் இருக்கிற மாதிரி இருக்கும்.

இனி அந்த வயருக்கு வருகிறேன்.

போன வருஷம் உன் கல்யாணம் முடிவானது. இந்தத் தடவை உன் அப்பா தேதி குறித்தபோது கண்ணில் ஒரு தீவிரம் இருந்தது. பத்து நாள் முன்னாலேயே துரையைத் தலை முதல் கால் வரை கழற்றிப் புது பிளக், புது பாயிண்ட், புது மூடி, புது பிளக் வயர் எல்லாம் போட்டான். ஊசி, பென்சில், எண்ணெய் எல்லாவற்றையும் ஐந்து நிமிஷத்தில் கண்டுபிடித்துவிடக்கூடிய நிலையில் அவன் இருந்தான். கண்ணில் படுகிற எதுவும் இனி செல்லாது. கண்ணில் படாததாக ஒன்று வேண்டும்.

காயில் வயரை மட்டும் அவன் மாற்றவில்லை. என் அப்பா காலத்து வயர், துணி உறை இன்னும் கல் மாதிரி இருக்கிறது, அழகாக இருக்கிறது, இருக்கட்டும் என்றான். அழகாக இருக்கிறதை மாற்ற மனசு வராது அவனுக்கு. அது எங்கள் குடும்பத்து வியாதி.

தையல் பிரிக்கும் கத்தியால் துணி உறையை ஒரு விரல்கடை நீளத்துக்குத் திறந்தேன். உள்ளே செம்பு இழைகள், எண்ணிப் பார்த்தேன், பதினாலு. பதினாலையும் வெட்டினேன். வெட்டிய இரண்டு முனைகளும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருக்கும்படி, பஃப் கைக்குள் வைக்கிற மெல்லிய எலாஸ்டிக்கால் இரண்டு பக்கமும் கட்டினேன். வண்டி நிற்கும்போது முனைகள் கை கோத்துக்கொண்டிருக்கும். மேட்டில் ஏறும்போது எஞ்சின் ஒரு பக்கம் சாயும், வயர் இழுபடும், எலாஸ்டிக் கொஞ்சம் நீளும், முனைகள் பிரியும், துரை உயிரை விடுவான். இறங்கி நின்று பார்த்தால் மறுபடி கை கோத்துக்கொள்ளும். பிறகு அதே பழுப்பு நிறத்தில் நூல் எடுத்து, உறையை மூடி டார்னிங் போட்டேன். இரண்டு நாள் மத்தியானம் ஆனது. என் வாழ்க்கையில் அதைவிட நல்ல வேலை செய்ததில்லை. காட்டுவதற்குத்தான் ஆள் இல்லை.

கல்யாணத்துக்கு முதல் நாள் காலை கிளம்பினான். நானும் முன் சீட்டில் இருந்தேன், புதுச் செருப்பு போட்டிருந்தேன். உன் கல்யாண உடுப்பை மூன்று நாள் முன்னாலேயே பார்சலில் அனுப்பியிருந்தேன். தோளில் ஒரு நூல்கூட இழுக்கவில்லை என்று நீயே போனில் சொன்னாய். ஆற்றுப் பாலம் ஏறுகிற மேட்டில் துரை நின்றான். தெருக்காரர்கள் நாலு பேர் ஷெட்டுக்குத் தள்ளிவந்து விட்டார்கள். ஷெட்டில் ஒரே அடியில் ஸ்டார்ட் ஆனான். மறுபடி பாலம். மறுபடி நின்றான். மறுபடி ஷெட்.

கரன்ட் சோதிக்கிற சின்ன பல்பை வைத்து ஒவ்வொரு இடமாகத் தொட்டுப் பார்த்தான். ஷெட்டில் எல்லா இடத்திலும் பல்பு எரிந்தது. அந்த வயரையும் இரண்டு விரலால் ஆட்டிப் பார்த்தான். நோகாமல் ஆட்டுவான். அவன் யாரையும் இழுத்துப் பார்க்கிற ஆள் இல்லை. பல்பு எரிந்தது. காயிலை மாற்றினான், கண்டென்சரை மாற்றினான். சட்டையெல்லாம் கிரீஸ், கல்யாணத்துக்கு நான் தைத்த சட்டை.

முகூர்த்தத்துக்குள் போய்ச் சேர வேண்டுமானால் உன் ஊருக்குக் கடைசி பஸ் மத்தியானம் பன்னிரண்டு பத்துக்கு. பன்னிரண்டுக்கு அவன் நிமிர்ந்தான். ஷெட் கதவில் இருந்த வாசகத்தை ஒரு நிமிஷம் பார்த்தான். கையைத் துடைத்தான். "விட்டுட்டுப் போயிடலாம் அக்கா. பஸ்ல போயிடலாம்" என்றான். முதல் தடவையாக அப்படிச் சொன்னான்.

நான் சொன்னது இதுதான். வார்த்தை மாறாமல் எழுதுகிறேன். "இன்னும் ஒரே ஒரு தடவை பாத்துடலாம்டா. கிட்ட வந்துட்டோம்."

அவன் மறுபடி குனிந்தான். கையில் டார்ச் பிடித்திருந்தது நான். தெருமுனையில் பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு திரும்பியபோது டார்ச் கொஞ்சம்கூட ஆடவில்லை. ஊசியில் நூல் கோக்கிற கை.

சாயந்திரம் நீ போனில் பேசினாய். "வண்டி வரலம்மா" என்றான். நீ, "வண்டி வேணாம்பா, நீ வா" என்றாய். ரிசீவரை அவன் தள்ளிப் பிடித்திருந்ததால் எனக்கும் கேட்டது. அந்த வாக்கியத்தில் 'உம்' இல்லை.

மூன்று வாரம் கழித்து அவன் டர்பென்டைனில் துணியை நனைத்துக் கதவிலிருந்த வாசகத்தைத் துடைத்தான். ஷெட்டைப் பூட்டினான். என் அறைக்கு வந்து ஸ்டூலில் உட்கார்ந்து, "கை போச்சு அக்கா, காதும் போச்சு" என்றான். அழவில்லை. அவன் தன்னுடைய இரண்டு கையையும் யாரோ மறந்து வைத்துவிட்டுப் போன சாமானைப் பார்க்கிற மாதிரி பார்த்துக்கொண்டிருந்தான்.

அதை நான் கேட்கவில்லை. உன் கல்யாணத்தை அவனுக்கு இல்லாமல் செய்ய வேண்டும் என்பதும், அவன் கையை அவனே நம்பாமல் போக வேண்டும் என்பதும் என் கணக்கிலேயே இல்லை. எனக்கு வேண்டியிருந்தது ஜன்னலுக்கு அந்தப் பக்கம் ஒரு பேச்சுச் சத்தம், அவ்வளவுதான். ஆனால் கிடைத்ததை வேண்டாம் என்று சொல்லவும் இல்லை. வயரை ஓசைப்படாமல் மாற்றிவிடலாம் என்று இரண்டு தடவை பூட்டுச் சாவியை எடுத்தேன். அவ்வளவு நன்றாக அமைந்துவிட்ட தையலைப் பிரிக்க மனசு வரவில்லை.

பட்டன் துளைக்குக் காஜா எடுக்கக் கற்றுக் கொடுத்தேன். பட்டன் வைக்கக் கற்றுக் கொடுத்தேன். அவன் எடுக்கிற காஜாவைப் பார்த்துவிட்டு, உங்க தம்பிக்கு என்ன கைங்க என்கிறார்கள் வருகிறவர்கள். நாள் முழுக்க ஜன்னலுக்கு இந்தப் பக்கமே உட்கார்ந்திருந்தான். பேச்சுதான் குறைந்துவிட்டது. பட்டனோடு பேச என்ன இருக்கிறது.

அதுவும் நாலு மாதத்துக்கு முன்னால் சரியாகிவிட்டது. ஒரு நாள் மெஷினுக்கு எண்ணெய் தீர்ந்துபோய், ஷெட்டில் ஒரு டப்பா இருக்கிறது என்று சாவியை எடுத்துக்கொண்டு போனான். ஒரு மணி நேரம் ஆளைக் காணோம். துரையின் எஞ்சின் மூடி திறக்கிற கிறீச் சத்தம் கேட்டது, அப்புறம் ஒன்றும் கேட்கவில்லை. திரும்பி வந்தபோது கையில் எண்ணெய் டப்பா இல்லை. கொஞ்ச நேரம் என்னையே பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து கேட்டான்:

"அக்கா, இந்த டார்னிங் எப்படிப் போடுறது? எனக்குச் சொல்லித் தர்றியா?"

எனக்கு எவ்வளவு சந்தோஷமாக இருந்தது தெரியுமா. காஜா, பட்டன் என்று நான் சொல்லித்தான் செய்துகொண்டிருந்தவன், தானாக வந்து தொழிலைக் கேட்கிறான். அன்று முழுக்கச் சொல்லிக் கொடுத்தேன். நிறம் எப்படிப் பொருத்துவது, இழையை எங்கே ஒளிப்பது என்று ஒவ்வொன்றாகக் கேட்டான். "இதுக்கு ரொம்பப் பொறுமை வேணும் இல்லக்கா?" என்றான். ஆமாம்டா என்றேன். "ரெண்டு நாளாவது ஆகும் இல்ல?" என்றான். வேலையைப் பொறுத்தது என்றேன். அப்போது சிரித்தான். ஒரு வருஷத்துக்குப் பிறகு சிரித்தான்.

அடுத்த வாரத்திலிருந்துதான் என் மெஷின் மக்கர் செய்ய ஆரம்பித்தது. இதை எழுதுவதற்குக் காரணம், நேற்று நீ அதைக் கேள்விப்பட்டு ஒரு மாதிரியாகச் சிரித்தாய்.

தையல் பள்ளியில் பரீட்சை வைக்க என்னை மூன்று தடவை கூப்பிட்டார்கள். நாற்காலி போட்டு உட்கார வைத்து, பிள்ளைகள் தைத்ததை நான் பார்த்து மார்க் போட வேண்டும். எனக்கும் ஆசைதான். மூன்று தடவையும் கிளம்புகிற நேரத்தில் மெஷின் நின்றுவிட்டது. ஒரு தடவை தையல் விட்டது. ஒரு தடவை நூல் அறுந்துகொண்டே இருந்தது. ஒரு தடவை சும்மா மிதித்தால் ஓடுகிறது, தடித்த துணியைக் கொடுத்தால் நிற்கிறது. கையில் அவசர வேலை இருக்கிறபோது படுத்த மெஷினைப் போட்டுவிட்டுப் போகிறவள் தையல்காரியா? போகவில்லை. உன் அப்பாதான் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகக் கழற்றிப் பார்த்தான். பார்க்கும்போது பேசுகிறான், பழைய மாதிரியே. மிதி சம்பாதிக்கிறவர், பெல்ட் அதைக் கொண்டுவந்து சேர்க்கிறவர், பாபின் கீழே ஒளிந்திருந்து நூலை நீட்டுகிறவள் என்று. அவன் கை திரும்பி வந்துவிட்டது, நீயே பார்க்கலாம். விசிலடிக்கிறான்.

மூன்றாவது தடவை பாபின் கேஸைக் கழற்றியபோது ஸ்பிரிங்குக்கு அடியில் கறுப்பு இன்சுலேஷன் டேப்பில் ஒரு துணுக்கு இருந்தது. நகத்தில் பாதி இருக்கும், சாய்வாக வெட்டியது. காற்றில் பறந்து வந்திருக்கும். ஷெட் பக்கத்திலேயே இருக்கிறது அல்லவா.

இன்று காலை நீ துரைக்குப் புது வயர் போட்டாய். உன் அப்பா தனியாக ஓட்டிக்கொண்டு பாலத்தின் மேல் போய்த் திரும்பி வந்தான். இறங்கிவந்து ஒரு வார்த்தை பேசவில்லை. ஏன் நின்றது, என்ன மாற்றினாய் என்றுகூட உன்னிடம் கேட்கவில்லை. சந்தோஷத்தில் வாயடைத்துப் போயிருப்பான். வெள்ளிக்கிழமை உன்னோடு கிளம்புகிறான். உன் வாசலில் வண்டியை நிறுத்திச் சாவியைக் கொடுக்கப் போகிறான். பேரப்பிள்ளையைத் தூக்கப் போகிறான். போகட்டும். நான் இனி எதிலும் ஊசி குத்த மாட்டேன், இது சத்தியம்.

நீ வயரைக் கையில் வைத்துக்கொண்டு, அது என் வேலை என்று தெரிந்த பிறகும், வாசலில் நின்று என்னிடம், "நீ வா அத்தை" என்றாய். 'உம்' இல்லாமல். கவனித்தேன். அதற்காகத்தான் இவ்வளவையும் ஒளிக்காமல் எழுதினேன்.

வருவதாகத்தான் இருந்தேன். பெட்டிகூட எடுத்து வைத்தேன். ஆனால் மத்தியானம் மெஷின் மறுபடி நின்றுவிட்டது. வெள்ளிக்கிழமைக்குள் நாற்பது யூனிஃபார்ம் கொடுக்க வேண்டும். இருபத்தாறு வெட்டியபடி கிடக்கிறது. நீங்கள் வேண்டுமானால் முன்னால் போங்கள், சரியானதும் பஸ்ஸில் வருகிறேன் என்றேன். உன் அப்பா கேட்கவில்லை. பாவம், எனக்காகக் குனிந்துகொண்டிருக்கிறான். எழுதுவதற்கு நடுவில் நாலு தடவை கூப்பிட்டுவிட்டான், டார்ச் பிடிக்க. இப்போதும் கூப்பிடுகிறான். "இன்னும் ஒரே ஒரு தடவை பாத்துடலாம் அக்கா, கிட்ட வந்துட்டோம்" என்கிறான்.

அதனால் இதோடு நிறுத்துகிறேன். இந்த நோட்டை அவன் கண்ணில் படாமல் வை. அவனுக்கு ஒன்றும் தெரியாது. தெரிந்திருந்தால் அன்றைக்கே கேட்டிருப்பான், அவன் மனசில் எதுவும் தங்காது. மெஷினைப் பற்றி நீ நினைக்கிற மாதிரி நினைப்பது பாவம். அது பழசு, அவ்வளவுதான். கூடப்பிறந்தவளுக்குப் போய் யாராவது அப்படிச் செய்வார்களா?